நத்தம்: பூட்டிய வீடுகளின் வரலாறு



வருவாய்த் துறைப் பதிவேடுகளில் ‘நத்தம்’ என்றொரு சொல் உண்டு. மனிதர்கள் வீடு கட்டிக் குடியிருப்பதற்கென்று விடப்பட்ட நிலம் அது. பயிர் நிலத்துக்குப் போல அதற்குத் தீர்வை கிடையாது. பழைய பதிவேடுகள் அதையும் இரண்டாகப் பிரித்தே எழுதின. கிராம நத்தம் ஒன்று, சேரி நத்தம் இன்னொன்று. தருமபுரி நகருக்கு அருகே, நாயக்கன்கொட்டாய்ப் பக்கம் இருக்கும் நத்தம் காலனியை இந்த அரங்கில் அறியாதவர் இருக்க முடியாது. குடியிருப்பு என்பதையே பெயராகக் கொண்ட அந்த இடத்தை 2012 நவம்பர் 7 அன்று எரித்தார்கள்.

தருமபுரிப் பக்கத்து ஊர்ப்பெயர்களைக் கவனித்தால் கொட்டாய், கொட்டாய் என்று வந்துகொண்டே இருக்கும். நாயக்கன்கொட்டாய், செல்லன்கொட்டாய் என்று. கொட்டகைதான் கொட்டாய். யாரோ ஒருவர் நிலத்தில் போட்ட கொட்டகை, பிறகு சிற்றூராகி, அவர் பெயரையே ஊருக்குக் கொடுத்துவிட்டது. நிலம் உள்ளவர் கொட்டாய் போட்டால் ஊராகிறது. நிலம் இல்லாதவர் வீடு கட்டினால் அதற்குக் காலனி என்று பெயர். அந்தக் காலனி என்ற சொல்லை அரசு ஆவணங்களிலிருந்து நீக்கப்போவதாகச் சட்டமன்றத்தில் அறிவிப்பு வர 2025 ஏப்ரல் வரை ஆனது.

இந்த நினைவுரையில் நாம் பேச எடுத்துக்கொண்டது வீடுகளைப் பற்றி. பூட்டிக் கிடக்கும் வீடு, ஆளற்றுப் போன வீடு, எரிக்கப்பட்ட வீடு, திரும்பி வந்து மறுபடி கட்டிய வீடு. ஊரைவிட்டுப் போனவர்களின் ஏக்கத்தைப் பற்றித் தமிழில் நிறைய எழுதப்பட்டிருக்கிறது. திண்ணை, வேப்பமரம், கோயில் தேர், குளத்துப் படிக்கட்டு என்று அந்த ஏக்கத்துக்கு ஒரு பட்டியலே உண்டு. படிக்கும்போது நமக்கு ஒரு சங்கடம் வருகிறது. அந்தத் திண்ணையில் நம்மை உட்காரவிட்டதில்லை. அந்தக் குளத்தில் நம் குடம் இறங்கியதில்லை. தேர் நம் தெருவுக்கு வந்ததில்லை. அப்படியானால் பெங்களூரில் தகரக் கொட்டகையில் படுத்துக்கொண்டு நம் ஆட்கள் ‘ஊருக்குப் போகணும்’ என்கிறார்களே, அவர்கள் சொல்லும் ஊர் எது? இதற்கு விடை தேட வேண்டுமானால் கொஞ்சம் பின்னால் போக வேண்டும்.

1792இல் ஸ்ரீரங்கப்பட்டண உடன்படிக்கையின்படி திப்பு சுல்தானிடமிருந்து பாராமகால் பகுதி கிழக்கிந்தியக் கம்பெனியின் கைக்கு வந்தது. அதை நிர்வகிக்க வந்தவர் அலெக்சாண்டர் ரீட். அவருடைய உதவியாளர்களில் ஒருவர் தாமஸ் மன்றோ. தென்னிந்தியா முழுக்கப் பிறகு பரவிய ரயத்துவாரி முறை முதலில் சோதித்துப் பார்க்கப்பட்டது இந்த மண்ணில்தான். ஜமீன்தார் என்ற இடைத்தரகர் இல்லாமல் விவசாயியோடு அரசு நேரடியாகக் கணக்கு வைத்துக்கொள்ளும் முறை என்று பள்ளிக்கூடத்தில் படித்திருப்பீர்கள். சரிதான். ஆனால் விவசாயி என்று யாரைச் சொன்னார்கள்? தீர்வை கட்டுகிறவரை. ஏர் பிடித்தவர், ஏற்றம் இறைத்தவர், களத்தில் நின்று கூலிக்குத் தானியம் வாங்கிப்போன படியாள், இவர்கள் அந்தக் கணக்கில் வரவில்லை. பட்டா என்ற காகிதம் முதலில் நடைமுறைக்கு வந்த இடங்களில் ஒன்று தருமபுரி. அந்தக் காகிதத்துக்கு வெளியே நம்மில் பெரும்பாலோர் நிறுத்தப்பட்டதும் அப்போதுதான். வீடு இருக்கும் மண்கூட எசமானுடையதாக இருந்தால், அவரோடு சண்டை வந்த மறுநாள் வீடு காலியாக வேண்டியதுதான். இதற்கு யாரும் இடம்பெயர்வு என்று பெயர் வைக்கவில்லை.

1876–78 பஞ்சம் வந்தபோது சேலம் மாவட்டம் மிகக் கடுமையாக அடிபட்டது. அப்போது தருமபுரியும் சேலத்தோடு இருந்தது. தனி மாவட்டமானது 1965 அக்டோபர் 2இல்தான். 1871க்கும் 1881க்கும் இடைப்பட்ட கணக்கெடுப்புகளில் சேலம் மாவட்டத்தின் மக்கள்தொகை மூன்று இலட்சத்துக்கும் மேல் குறைந்திருக்கிறது. செத்தவர்கள் போக, மிஞ்சியவர்களில் ஒரு பகுதி ஆள்பிடிக்கும் கங்காணிகளோடும் ஏஜெண்டுகளோடும் போனது. 1860இல் மதராஸிலிருந்து ‘ட்ரூரோ’ கப்பல் டர்பனுக்குப் போய்ச் சேர்ந்தது முதல் 1911 வரை ஏறத்தாழ ஒன்றரை இலட்சம் இந்தியர்கள் ஒப்பந்தக் கூலிகளாக நேட்டாலுக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். அந்தக் கப்பல் பதிவேடுகளில் ஒவ்வொருவருக்கும் எண், பெயர், தகப்பன் பெயர், வயது, சாதி, ஜில்லா, தாலுகா, கிராமம், உடம்பிலுள்ள தழும்பு வரை கட்டம் கட்டி எழுதினார்கள். ஜில்லா என்ற கட்டத்தில் சேலம் என்று திரும்பத் திரும்ப வரும். நம் முன்னோரில் பலருடைய பெயர் முதன்முதலாக ஓர் அரசாங்கக் காகிதத்தில் ஏறியது அவர்கள் ஊரைவிட்டுப் போனபோதுதான். இருந்த ஊரில் இல்லாத பட்டா, போகும் கப்பலில் கிடைத்தது.

அந்த ஒப்பந்தத்தில் திரும்பி வரும் உரிமையும் எழுதப்பட்டிருந்தது. பத்தாண்டு நேட்டாலில் இருந்தால் இலவசமாக ஊருக்குக் கப்பல் சீட்டு. திரும்பிவராமல் அங்கேயே சுதந்திரமாக வாழ நினைத்தவர்கள் மீது 1895 சட்டத்தின் வழியாக ஆண்டுக்கு மூன்று பவுன் வரி போட்டார்கள். வெள்ளைக்காரத் தோட்ட முதலாளிக்குக் கூலி வேண்டும், குடிமகன் வேண்டாம். அந்த வரியைத் தலையில் சுமந்துகொண்டும் ஆயிரக்கணக்கானவர்கள் அங்கேயே தங்கினார்கள். ஊர்ப்பாசம் இல்லாமலா? திரும்பினால் எந்தத் தெருவுக்குத் திரும்ப வேண்டியிருக்கும் என்று அவர்களுக்குத் தெரிந்திருந்தது.

இலங்கைத் தோட்டங்களுக்குப் போனவர்களின் கதை இதைவிடக் கசப்பானது. 1964 அக்டோபர் 30இல் சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம் கையெழுத்தாகி, 5,25,000 பேரை இந்தியா ஏற்றுக்கொள்வதென்று முடிவானது. அவர்களுக்கு நம் அரசு வைத்த பெயர் ‘தாயகம் திரும்பியோர்’. கண்டியிலும் ஹட்டனிலும் இரண்டு மூன்று தலைமுறையாகப் பிறந்து வளர்ந்தவர்கள் தாங்கள் பார்த்தேயிராத ஊருக்குத் ‘திரும்பினார்கள்’. பாட்டன் பெயரைச் சொல்லி ஊரைத் தேடிப் போனவர்களுக்கு அங்கே நிலமும் இல்லை, வீடும் இல்லை. உறவு இருந்தாலும் சோறு இல்லை. மறுபடி மலையேறி நீலகிரிக்கும் கொடைக்கானலுக்கும் கூலியாகப் போனவர்கள் பலர். 1983க்குப் பிறகு போரினால் வந்தவர்கள் வேறு வகை. தருமபுரி மாவட்டத்திலேயே நாகாவதி, தும்பலஅள்ளி போன்ற அணைகளின் ஓரத்து முகாம்களில் அவர்கள் வாழ்கிறார்கள். அவர்களுடைய வீடுகள் கடலுக்கு அந்தப் பக்கம் காலியாகக் கிடந்தன. நம் ஆட்கள் பெங்களூருக்குப் பஸ் ஏறும் அதே சாலையோரத்தில் அவர்களும் நிற்கிறார்கள் என்பதை நம் இயக்கங்கள் போதிய அளவு கவனித்ததில்லை என்பது எங்கள் எண்ணம்.

கோலாருக்கு வருவோம். இங்கே கொஞ்சம் மகிழ்ச்சியோடு பேசலாம். 1880களிலிருந்து ஜான் டெய்லர் கம்பெனி தங்கம் தோண்டிய அந்தச் சுரங்கங்களுக்கு வட ஆர்க்காடு, சேலம், சித்தூர்ப் பக்கத்துச் சேரிகள் ஆளனுப்பின. ஆயிரக்கணக்கான அடி ஆழத்தில் வெக்கையிலும் தூசியிலும் வேலை. நுரையீரல் கெட்டுச் செத்தவர்கள் ஏராளம். ஆனாலும் அங்கே மாதச் சம்பளம் உண்டு, வேலை முடிந்தால் எசமான் வீட்டு வாசலில் நிற்க வேண்டியதில்லை. அந்தச் சிறு இடைவெளி போதுமானதாக இருந்தது. அயோத்திதாசப் பண்டிதரின் சாக்கிய பௌத்த சங்கத்துக்கு மாரிக்குப்பத்தில் கிளை இருந்தது. அவர் 1907இல் சென்னையில் தொடங்கிய ‘தமிழன்’ இதழ், அவர் 1914இல் மறைந்த பிறகு, பின்னாளில் கோலார் தங்கவயலிலிருந்து ஜி. அப்பாதுரையார் ஆசிரியத்துவத்தில் மீண்டும் வந்தது. அங்கிருந்த சித்தார்த்தா புத்தகசாலைதான் பண்டிதரின் நூல்களை அச்சில் காப்பாற்றிக் கொடுத்தது. இன்று நாம் அயோத்திதாசரைப் படிக்கிறோம் என்றால், ஊரைவிட்டு ஓடிப்போய்ச் சுரங்கத்துக்குள் இறங்கியவர்களின் கூலிக்காசும் அதில் இருக்கிறது. 2001 பிப்ரவரி 28இல் சுரங்கம் மூடப்பட்டது. நான்கு தலைமுறை வாழ்ந்த லைன் வீடுகளில் இருந்தவர்களிடம் ‘உங்கள் சொந்த ஊர் எது’ என்று கேட்டபோது தங்கவயல் என்றுதான் சொன்னார்கள். இப்போது அவர்கள் விடியற்காலை ரயில் பிடித்துப் பெங்களூருக்கு வேலைக்குப் போய் இரவு திரும்புகிறார்கள்.

அதே பெங்களூருக்குத்தான் தருமபுரியும் போகிறது. சுமார் 130 கிலோமீட்டர், நேர்ச்சாலை. மழை பொய்த்த மாவட்டம். 2011 கணக்கெடுப்பில் சுமார் 15 இலட்சம் மக்களில் நகரத்தில் வாழ்பவர்கள் நூற்றுக்குப் பதினேழு பேர்தான். ராகியும் சோளமும் ஒரு போகம், பிறகு காய்ச்சல். கிணற்றுக்காரனுக்கே தண்ணீர் இல்லாதபோது கூலிக்காரனுக்கு என்ன வேலை? சென்ட்ரிங், கம்பி கட்டுதல், கலவை, பெயிண்ட் என்று ஆண்கள், சித்தாளாகப் பெண்கள். மேஸ்திரி ஒருவர் முன்பணம் கொடுத்து ஒரு தெருவையே கூட்டிப்போவார். வன்னியர் வீட்டு ஏழைப் பிள்ளைகளும் அதே பஸ்ஸில்தான் போகிறார்கள், அதே கட்டடத்தில்தான் கலவை சுமக்கிறார்கள். இதை மறக்கக்கூடாது.

பெங்களூரில் நம்மைச் சேரி என்று யாரும் அழைப்பதில்லை. அங்கே நாம் தமிழர். அதற்கும் விலை உண்டு. 1991 டிசம்பரில் காவிரி நடுவர் மன்றத்தின் இடைக்காலத் தீர்ப்பு மத்திய அரசிதழில் வெளியானதும் பெங்களூரில் தமிழர்களின் குடிசைகளும் கடைகளும் தாக்கப்பட்டன. பல்லாயிரம் பேர் கையில் கிடைத்ததை எடுத்துக்கொண்டு ஓசூர் எல்லையைக் கடந்தார்கள். ஓசூர் அன்றைக்குத் தருமபுரி மாவட்டத்தில்தான் இருந்தது. கிருஷ்ணகிரி தனி மாவட்டமானது 2004இல். தமிழன் என்று அடிவாங்கி ஓடிவந்தவர் தன் ஊர்ப் பஸ் நிறுத்தத்தில் இறங்கிய நிமிடத்தில் மறுபடியும் காலனிக்காரர் ஆனார். இரண்டு மாநிலத்திலும் அவருக்கு ஒவ்வொரு பெயர் தயாராக இருந்தது.

அடுத்த ஆண்டே அரூர் பக்கம் சித்தேரி மலையடிவாரத்தில் வாச்சாத்தி. அங்கு வாழ்ந்தவர்கள் பெரும்பாலும் மலையாளிப் பழங்குடி மக்கள். அவர்களுடைய வழக்கை நம்முடையதாகச் சொந்தம் கொண்டாடுவதற்காகச் சொல்லவில்லை. ஓர் ஊரை எப்படிக் காலி செய்வது என்று அரசு செய்து காட்டிய இடம் என்பதற்காகச் சொல்கிறோம். 1992 ஜூன் 20. சந்தனக்கட்டை தேடுவதாக வனத்துறை, காவல்துறை, வருவாய்த் துறை ஆட்கள் நுழைந்தார்கள். மக்களை ஆலமரத்தடியில் கூட்டி வந்து அடித்தார்கள். 18 பெண்கள் பாலியல் வன்முறைக்கு ஆளாக்கப்பட்டார்கள். பெண்களும் குழந்தைகளுமாக நூற்றுக்கு மேற்பட்டவர்கள் சிறைக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். தப்பியவர்கள் காட்டுக்குள் ஓடினார்கள். அதோடு நிற்கவில்லை. வீடுகளை இடித்தார்கள், ஓடுகளை உடைத்தார்கள், ஆடு கோழிகளைத் தின்றார்கள், தானியத்தில் கண்ணாடித் துண்டுகளைக் கலந்தார்கள், கிணற்றைக் கெடுத்தார்கள். இந்தக் கடைசி இரண்டைக் கவனியுங்கள். ஆட்களை அடித்தாயிற்று, கைது செய்தாயிற்று. பிறகு எதற்குக் கிணற்றைக் கெடுப்பது? திரும்பி வந்தால் குடிக்கத் தண்ணீர் இருக்கக்கூடாது என்பதற்காக. வந்தவர்கள் திருடனைத் தேடவில்லை, ஊரையே இல்லாமல் ஆக்கினார்கள்.

அம்மக்கள் திரும்பி வந்தார்கள். இடிந்த சுவர்மேல் கூரை போட்டு, கெட்ட கிணற்றை இறைத்து, அதே ஊரில் இருந்துகொண்டே வழக்கு நடத்தினார்கள். மார்க்சிஸ்ட் கட்சியும் தமிழ்நாடு மலைவாழ் மக்கள் சங்கமும் கூட நின்றன. 2011 செப்டம்பர் 29இல் தருமபுரி நீதிமன்றம் 269 பேரையும் குற்றவாளிகள் என்றது. அதற்குள் 54 பேர் இறந்துவிட்டிருந்தார்கள். 2023இல் அதே செப்டம்பர் 29 அன்று உயர் நீதிமன்றம் அதை உறுதி செய்தது. முப்பத்தொரு ஆண்டு. வெளியூரில் கூலிக்குச் சிதறிப் போயிருந்தால் அந்தப் பெண்களால் ஒன்றாக நின்று சாட்சி சொல்லியிருக்க முடியுமா என்று யோசித்துப் பாருங்கள். ஊர் அவர்களுக்குச் சாட்சிக்கூண்டாகவும் இருந்தது.

இப்போது நத்தத்துக்குத் திரும்புவோம். நாயக்கன்கொட்டாயில் அப்பு, பாலன் சிலைகள் நிற்கின்றன. எழுபதுகளின் இறுதியில் இரட்டைக் குவளைக்கும் கந்துவட்டிக்கும் எதிராக நக்சல்பாரி இயக்கம் வேலை செய்த பகுதி. தலித்துகளும் வன்னியர்களும் ஒரே அமைப்பில் இருந்திருக்கிறார்கள். பாலன் 1980இல் கொல்லப்பட்டார். இயக்கம் ஒடுக்கப்பட்டது. ஆனாலும் அது உடைத்த குவளை திரும்ப ஒட்டவில்லை. அதன்பிறகு வந்த தலைமுறை பெங்களூருக்கும் திருப்பூருக்கும் போயிற்று. உள்ளூர் நிலத்தில் கூலிக்குப் போக வேண்டிய கட்டாயம் குறைந்தது. நகரத்துக் கூலி காலனிக்குள் வரத் தொடங்கியது. கூரை வீடு மச்சு வீடானது. ஒழுகும் தொகுப்பு வீட்டுக்குப் பக்கத்தில் ஓர் அறை எழும்பியது. பீரோ வந்தது, டிவி வந்தது, பைக் வந்தது. மகள் கல்யாணத்துக்கென்று நாலு பவுன் சேர்ந்தது.

2012இல் நத்தத்து இளைஞர் இளவரசனும் பக்கத்து ஊர் வன்னியர் சாதிப் பெண் ஒருவரும் காதலித்துத் திருமணம் செய்துகொண்டார்கள். பஞ்சாயத்து பேசினார்கள். பெண்ணின் தந்தை நவம்பர் 7 அன்று தற்கொலை செய்துகொண்டார். அன்று மாலையே கூட்டம் திரண்டது. சாலையில் மரங்களை வெட்டிப் போட்டுத் தடுத்துவிட்டு நத்தம், அண்ணா நகர், கொண்டம்பட்டி என்று மூன்று குடியிருப்புகளிலும் புகுந்தார்கள். 250க்கும் மேற்பட்ட வீடுகள் தாக்கப்பட்டன. பிறகு போன உண்மையறியும் குழுக்கள் எல்லாம் ஒரு விஷயத்தைப் பதிவு செய்தன. முதலில் பீரோவை உடைத்து நகையையும் பணத்தையும் எடுத்தார்கள், அதன்பிறகே தீவைத்தார்கள். பைக்குகளை எரித்தார்கள். பள்ளி, கல்லூரிச் சான்றிதழ்கள், குடும்ப அட்டைகள் எரிந்தன. உயிர்ச்சேதம் இல்லை என்று செய்தியில் ஆறுதலாகச் சொன்னார்கள். ஆண்களில் பலர் அன்று பெங்களூரில் கலவை குழைத்துக்கொண்டிருந்தார்கள்; அவர்களின் இருபது வருடக் கூலி இங்கே எரிந்துகொண்டிருந்தது.

நாம் சொல்ல வந்தது இதைத்தான். நாம் ஊரைவிட்டுப் போனதை யாரும் எதிர்க்கவில்லை. கப்பல் ஏறியபோதும், சுரங்கத்தில் இறங்கியபோதும், பஸ் ஏறியபோதும் வழிமறித்து ‘போகாதே’ என்று எந்த ஊர்க் கவுண்டரும் அழவில்லை. முன்பணக் கடன் பாக்கி இருந்தால் மட்டும் தேடுவார்கள். போனபடியே, குனிந்தபடியே திரும்பி வந்தாலும் பிரச்சினை இல்லை. வேறு ஆளாகத் திரும்பி வருவதுதான் பொறுக்கவில்லை. 2012–13இல் மேடைகளில் என்ன பேசினார்கள்? ஜீன்ஸ் பேன்ட், டி-சர்ட், கூலிங்கிளாஸ். சாதி மறுப்புத் திருமணத்துக்கு எதிரான பேச்சு முழுக்க உடுப்பைப் பற்றியதாக இருந்தது. அந்த உடுப்பு எங்கே வாங்கியது? நகரத்துக் கூலியில் வாங்கியது. நம் பிள்ளைகள் ஊருக்கு அணிந்து வந்த அந்தச் சட்டையையும் ஓட்டிவந்த பைக்கையும் கட்டிய மச்சையும் எரித்ததன் பொருள், திரும்புவதானால் பழைய ஆளாகத் திரும்பு என்பது. இளவரசனின் உடல் 2013 ஜூலை 4 அன்று தருமபுரி அரசு கலைக் கல்லூரிக்குப் பின்னால் தண்டவாளத்தோரம் கிடந்தது.

கிராமம் உள்ளூர்வாதத்தின் சாக்கடை, அதைக் கொண்டாட ஒன்றுமில்லை என்ற கருத்தில் அண்ணல் அம்பேத்கர் 1948 நவம்பர் 4இல் அரசியல் நிர்ணய சபையில் பேசினார். மாணவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்வி இது: பிறகு எதற்காகத் திரும்ப வேண்டும்? நகரத்துக்கே போய்விடலாமே? போகலாம். போக முடிந்தவர்கள் போகட்டும், அது விடுதலையின் ஒரு வழி. ஆனால் 2020 மார்ச்சில் ஊரடங்கு வந்தபோது நகரம் தன் கூலிகளை என்ன செய்தது என்று பார்த்தோம். கட்டடம் நின்றது, கூலி நின்றது. தகரக் கொட்டகையில் மூன்று நாள் பார்த்துவிட்டு மூட்டையோடு நடக்கத் தொடங்கினார்கள். தாங்கள் கட்டிய அடுக்குமாடிகள் சாலையின் இரண்டு பக்கமும் நிற்க, அத்திப்பள்ளி எல்லையை நோக்கி நடந்தார்கள். அவர்களுக்குப் போவதற்கென்று இருந்தது காலனியில் ஒரு பூட்டிய வீடு மட்டும்தான். அதைக்கூட ஏக்கம் என்று சொல்லிவிடாதீர்கள். வாடகை கேட்காத ஓர் இடம் என்பது கூலிக்காரனுக்கு மிகப் பெரிய சொத்து.

உள்ளூரிலும் வேலையில்லை, வெளியிலும் உத்தரவாதமில்லை என்ற நிலையில் மலையோரத்து மக்கள் எங்கெங்கோ இழுத்துச் செல்லப்படுகிறார்கள். 2015 ஏப்ரல் 7 அன்று சேஷாசலம் காட்டில் ஆந்திரக் காவல்துறை சுட்டுக் கொன்ற 20 தமிழர்களில் சித்தேரி மலையைச் சேர்ந்தவர்களும் உண்டு. அவர்கள் திரும்பி வந்தது சவவண்டியில்.

சாவைப் பற்றியும் ஒரு சொல். பெங்களூரில் சாரத்திலிருந்து விழுந்து இறந்தவரை அங்கேயே அடக்கம் செய்ய நம் மக்கள் ஒப்புவதில்லை. கடன் வாங்கி வண்டி பிடித்து இரவோடிரவாக ஊருக்குக் கொண்டுவருகிறார்கள். வந்தால், சுடுகாட்டுக்குப் பாதை இல்லை. ஒருவர் வயல் வரப்பில் கெஞ்சிக்கொண்டு போக வேண்டும். பல ஊர்களில் இதுதான் இன்றைய நிலை. இருந்தும் கொண்டுவருகிறார்கள். அப்பனும் ஆயாவும் கிடக்கும் மண் என்கிறார்கள். நாம் முன்னால் கேட்ட கேள்விக்கு, அவர்கள் சொல்லும் ஊர் எது என்பதற்கு, இதைவிடத் தெளிவான விடை எங்களுக்குக் கிடைக்கவில்லை. தேரோடும் வீதியை அவர்கள் நினைக்கவில்லை. சேரி நத்தத்தில் தாய் மெழுகிய ஒரு தரை, ஒரு சுடுகாடு, தன்னைப் பெயர்சொல்லிக் கூப்பிடும் ஒரு தெரு. அவ்வளவுதான்.

நத்தத்தில் வீடுகள் மறுபடி எழுந்துவிட்டன. கரி பிடித்த சுவர்மேல் சுண்ணாம்பு அடித்தாயிற்று. பலர் மறுபடி பெங்களூருக்குப் போய்விட்டார்கள். வீடு கட்டிய கடனை அடைக்க வேண்டுமே. ஆகவே கதவுகள் மறுபடி பூட்டியிருக்கின்றன. கணக்கெடுப்புக்கு வரும் அரசு ஊழியருக்கு ‘பூட்டிய வீடு’ என்று ஒரு குறியீடு உண்டு. குறித்துக்கொண்டு அடுத்த வாசலுக்குப் போய்விடுவார். யார் பூட்டியது, எந்த ஆண்டு, எங்கே போனார்கள், ஏன் என்று கேட்க அந்தப் படிவத்தில் இடமில்லை.

அதை நம் மாணவர்கள் செய்யலாம். ஒரு காலனிக்கு ஒரு நோட்டு. வீட்டுக்கு ஒரு பக்கம். மனை யார் பெயரில் இருக்கிறது, பட்டா உண்டா, அது பெண்ணின் பெயரிலா ஆணின் பெயரிலா. 1892 அரசாணையின்படி கிடைத்த பஞ்சமி நிலம் என்று எதையாவது பெரியவர்கள் சொல்கிறார்களா, இப்போது அது யார் கையில் இருக்கிறது. முதலில் வெளியே போனவர் யார், கோலாரா, பெங்களூரா, திருப்பூரா. வீடு கட்டிய பணம் எங்கிருந்து வந்தது. சுடுகாட்டுப் பாதை யார் நிலம் வழியாகப் போகிறது. எரிந்த வீடானால், எரிந்தது என்னென்ன என்று பொருள் பொருளாக, விலையோடு எழுதுங்கள். சாதாரண நாளில் போனால் கிழவிகளும் ஆட்டுக்குட்டிகளும்தான் இருப்பார்கள். பொங்கலுக்கும் மாரியம்மன் பண்டிகைக்கும் ஆடிப்பெருக்குக்கும் எல்லோரும் வருவார்கள். இரண்டு மூன்று நாள் இருப்பார்கள். அப்போது போக வேண்டும். முதல் நோட்டை நத்தத்திலிருந்தும் கொண்டம்பட்டியிலிருந்தும் அண்ணா நகரிலிருந்தும் தொடங்கலாம்.